ஜெனிசிஸை விட்டு வந்த பீட்டர் கேப்ரியலின் முதல் தனி ஆல்பம்: எனக்கு ஏன் பிடிபடவில்லை?

கல்லணை எழுதியது:

வணக்கம். கேள்வி கொஞ்சம் நீளமானது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

திருவையாற்றிலிருந்து திருச்சிக்குத் தினமும் பஸ்ஸில் வேலைக்குப் போய் வருகிறேன். போன மாதம் முழுவதும் அந்தப் பயணத்தில் கேட்டது ஒரே ஆல்பம்: ஜெனிசிஸ் என்ற இங்கிலாந்து ராக் இசைக்குழுவின் 'த லேம் லைஸ் டவுன் ஆன் பிராட்வே'. ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேல் ஓடுகிற இரட்டை இசைத்தட்டு. போகும்போது முதல் தட்டு, திரும்பும்போது இரண்டாவது. நியூயார்க் தெருவில் திரியும் ரயேல் என்ற இளைஞனின் கதை முழுவதும் எனக்குப் புரிந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். ஆனால் பாடுகிற பீட்டர் கேப்ரியலின் குரலை விட்டு விலக முடியவில்லை. ஒரே மனிதர் கெஞ்சுகிறார், மிரட்டுகிறார், கிழவனாகிறார், குழந்தையாகிறார். கல்லணைப் பாலத்தில் பஸ் ஊர்ந்து போகும் நேரத்தில் 'த கார்பெட் கிராலர்ஸ்' வந்துவிட்டால் இறங்குகிற இடம் கூட மறந்துபோகிறது.

1974இல் இப்படி ஒரு ஆல்பத்தைத் தந்தவர், அடுத்த ஆண்டே, 25 வயதில், குழுவை விட்டு விலகிவிட்டார் என்று படித்தபோது நம்ப முடியவில்லை. பிறகு 1977இல் வந்த அவருடைய முதல் தனி ஆல்பத்தைத் தேடிக் கேட்டேன். அங்கேதான் என் குழப்பம்.

ஒன்பது பாடல்கள். ஒன்பதும் ஒன்பது வீட்டுப் பிள்ளைகள் போல இருக்கின்றன. ஒன்றில் நாலு பேர் சேர்ந்து பழைய காலத்து அமெரிக்கக் குழுப் பாட்டைப் போலப் பாடுகிறார்கள். ஒன்று மதுக்கடையில் பாடுகிற ப்ளூஸ். ஒன்றில் முழு ஆர்க்கெஸ்ட்ராவும் வந்து இறங்குகிறது. 'சால்ஸ்பரி ஹில்' மட்டும் மனதில் பதிந்துவிட்டது. அதிலும் ஒரு சிக்கல்: தாளம் போடப் போனால் கை எங்கோ வழுக்குகிறது. எளிமையான பாட்டுத்தானே, ஏன் பிடிபடவில்லை?

என் கேள்விகள்: உச்சத்தில் இருந்தபோது ஏன் விலகினார்? இந்த ஆல்பத்தை எப்படிக் கேட்க வேண்டும்? நான் எதையாவது தவறவிட்டேனா, அல்லது ஆல்பமே அப்படித்தானா?

சாபு எழுதியது:

மற்றதைப் பெரியவர்கள் சொல்வார்கள். தாளச் சிக்கலை மட்டும் நான் எடுத்துக்கொள்கிறேன். பதினோரு வருடமாக மிருதங்கம் வாசிக்கிறவன்.

உங்கள் கை நாலு நாலாக எண்ணுகிறது. பாட்டு ஏழு ஏழாகப் போகிறது. அவ்வளவுதான். நம்மில் யாராக இருந்தாலும் 'ஏழு' என்றவுடன் மிச்ர சாபுதான் நினைவுக்கு வரும். தகிட தகதிமி என்று வைத்துப் பார்க்கத் தோன்றும். ஆனால் இந்தப் பாட்டில் அந்தத் துள்ளல் கிடையாது. அடி சமமாக, நிதானமாக விழுகிறது. அதனால் எனக்கு இது திஸ்ர ஜாதித் திரிபுடைக்கு நெருக்கமாகப் படுகிறது: லகு என்ற பகுதிக்கு மூன்று, திருதம் என்ற இரண்டு பகுதிகளுக்கு நாலு, ஆக ஏழு அட்சரம். தொடையில் போட்டுக்கொண்டே கேளுங்கள். இரண்டாவது ஆவர்த்தனத்துக்குள், அதாவது இரண்டாவது சுற்றுக்குள், உட்கார்ந்துவிடும். ஒவ்வொரு சரணமும் முடிந்து திரும்புகிற இடத்தில் மட்டும் இரண்டு முறை நாலாக மாறும். அங்கே தயாராக இருங்கள்.

இன்னொன்றும் செய்து பாருங்கள். பாட்டைக் காதில் போட்டுக்கொண்டு நடங்கள், ஒரு அடிக்கு ஒரு எண். ஏழு ஒற்றைப்படை எண் அல்லவா? முதல் சுற்று இடது காலில் தொடங்கினால், அடுத்த சுற்று வலது காலில் தொடங்கும், அதற்கடுத்தது மறுபடி இடதில். நாலில் நடந்தால் எப்போதும் ஒரே காலில்தான் பாரம் விழும். ஏழில் நடக்கும்போது உடல் மாறி மாறிச் சாய்ந்துகொண்டே முன்னே போகிறது. மலை ஏறுகிறவனின் நடை அது. இதை அவர் கணக்குப் போட்டுச் செய்தாரா என்று எனக்குத் தெரிய வேண்டியதில்லை. என் கால் சொல்வது எனக்குப் போதும்.

பழைய ரெக்கார்டு எழுதியது:

தம்பி கல்லணை, உங்கள் கேள்வியைப் படித்ததும் எழுந்து போய் அந்த எல்பியை எடுத்து மேசைமேல் வைத்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன்.

1983இல், சென்ட்ரல் பக்கத்து மூர் மார்க்கெட் எரிந்துபோவதற்கு இரண்டு வருடம் முன்னால், பழைய இசைத்தட்டுகள் குவித்திருந்த கடை ஒன்றில் முப்பது ரூபாய்க்கு வாங்கினேன். அட்டையில் ஒரு கார். அதன்மேல் மழைத்துளிகள். முன்கண்ணாடிக்குப் பின்னால் ஒருவர் உட்கார்ந்திருப்பது தெரிகிறது. வீட்டுக்குக் கொண்டுவந்து ஊஞ்சலில் வைத்துவிட்டுக் கைகால் கழுவப் போனேன். திரும்பி வந்தால் அம்மா முந்தானையால் அட்டையைத் துடைத்துக்கொண்டிருக்கிறார். "நனைச்சுக்கொண்டு வந்திருக்கிறாயே, உள்ளே இருக்கிறது கெட்டுப்போகாதா" என்றார். அவ்வளவு தத்ரூபமான துளிகள். ஹிப்னாசிஸ் என்ற லண்டன் வடிவமைப்புக் குழுவின் வேலை அது. பிங்க் ஃப்ளாய்டின் அட்டைகளைச் செய்த அதே ஆட்கள். அந்தக் குழுவின் ஸ்டார்ம் தார்கர்சனுடைய சொந்தக் கார்தான் படத்தில் இருப்பது, லான்சியா ஃப்ளாவியா. கறுப்பு வெள்ளையில் எடுத்துக் கையால் நீலம் ஏற்றியிருக்கிறார்கள். ஆல்பத்துக்கு அவர் பெயரைத் தவிர வேறு தலைப்பே இல்லை. அடுத்த மூன்றுக்கும் அதே பெயரைத்தான் வைத்தார். அதனால் ரசிகர்கள் இதைக் 'கார்' என்று அழைக்கிறார்கள்.

இனி ஏன் விலகினார் என்பது. ஒரே காரணம் சொல்கிறவர்களை நம்பாதீர்கள்.

ஜெனிசிஸ் பள்ளிக்கூடத்தில் பிறந்த குழு. சார்ட்டர்ஹவுஸ் என்ற பழைய ஆங்கிலேயத் தனியார் பள்ளி. கேப்ரியலும் டோனி பேங்க்ஸும் மைக் ரதர்ஃபோர்டும் அங்கே படித்தவர்கள். 1967இல் தொடங்கியது. ஃபில் காலின்ஸும் ஸ்டீவ் ஹாக்கெட்டும் பிறகு வந்தார்கள். யாரும் தலைவர் இல்லை, எல்லாருமே எழுதுவார்கள், ஒவ்வொரு வரியையும் உட்கார்ந்து விவாதிப்பார்கள். அதுதான் அந்தக் குழுவின் பலம். ஆனால் மேடையில் மக்கள் பார்த்தது ஒருவரைத்தான். 1972இல் டப்ளினில் மனைவியின் சிவப்பு உடையை அணிந்து நரித் தலையை மாட்டிக்கொண்டு வந்து நின்றார். மற்றவர்களிடம் முன்கூட்டிச் சொல்லவே இல்லை. அதற்குப் பிறகு பத்திரிகைகளுக்கு வேறு முகம் தேவைப்படவில்லை. நாலு பேர் குனிந்து வாசித்துக்கொண்டிருக்க, ஐந்தாமவர் மட்டும் படத்தில் வந்தால் மனம் எப்படி இருக்கும்? கூட்டுக் குடும்பத்தில் வாழ்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டாம்.

நீங்கள் பஸ்ஸில் கேட்கிற அந்த இரட்டை ஆல்பத்தை உருவாக்கும்போதே விரிசல் விழுந்துவிட்டது. கதையும் பாடல் வரிகளும் ஏறக்குறைய முழுவதும் தன்னுடையதாகவே இருக்க வேண்டும் என்று கேப்ரியல் பிடிவாதமாக நின்றார். நடுவில் 'த எக்ஸார்சிஸ்ட்' எடுத்த வில்லியம் ஃப்ரீட்கின் ஒரு படத்துக்காக அவரை அழைத்தார். குழுவா, சினிமாவா என்ற பேச்சு எழுந்தது. படம் நடக்கவில்லை. ஆனால் மனம் ஒருமுறை வெளியே போய்விட்டு வந்துவிட்டது. அதோடு 1974 ஜூலையில் முதல் பெண் குழந்தை. பிறந்ததுமே உயிருக்குப் போராடியது. குழந்தை லண்டனில், ஒலிப்பதிவு வேல்ஸில். மனிதர் இரண்டுக்கும் நடுவே ஓடிக்கொண்டிருந்தார். அந்த நாட்களில் தாங்கள் அவருக்குத் துணையாக நிற்கவில்லை என்பதைக் குழுவினரே பிற்காலத்தில் ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். எல்லாருக்குமே இருபத்துநாலு வயதை ஒட்டித்தான் இருக்கும். அந்த வயதில் இன்னொருவன் வீட்டுத் தொட்டில் நம் கண்ணுக்குத் தெரிவதில்லை.

1974 நவம்பரில் அமெரிக்கச் சுற்றுப்பயணம் தொடங்கிய சில நாட்களிலேயே, கிளீவ்லாந்தில், "இந்தப் பயணம் முடிந்ததும் போகிறேன்" என்று சொல்லிவிட்டார். பயணம் முடிந்தது 1975 மே மாதம். இடையில் நூறு நிகழ்ச்சிகள். இதைத்தான் நான் இன்று வரை நினைத்து நினைத்துப் பார்க்கிறேன். போவது முடிவாகிவிட்டது, ஐந்து பேருக்கும் தெரியும், வெளியே யாருக்கும் தெரியாது. ஒவ்வொரு இரவும் அதே கதையை முதலிலிருந்து கடைசிவரை பாட வேண்டும். ஒரு பாடலுக்கு உடல் முழுவதும் கட்டி கட்டியாகப் புடைத்த ஒரு உடை. அதற்குள் இருந்துகொண்டு மைக்கை வாயருகே கொண்டுபோக முடியாமல் தவித்திருக்கிறார். இவ்வளவையும் குறையில்லாமல் செய்து முடித்துவிட்டுத்தான் போனார். ஆகஸ்டில் செய்தி வெளியானபோது பத்திரிகைகளுக்குத் தன் கைப்பட ஒரு கடிதம் கொடுத்தார். பாட்டு எழுதுவதற்காக நாங்கள் கூட்டாகக் கட்டிய வண்டியே எங்களுக்கு எஜமானன் ஆகிவிட்டது என்பது அதன் சாரம். ஒருவரையும் குறை சொல்லவில்லை.

அடுத்து ஒன்றரை வருடம் மேடை ஏறவில்லை. பாத் நகரத்தை ஒட்டிய கிராமப்புறத்தில் குடும்பத்தோடு இருந்தார். அங்கே பாத்தீஸ்டன் கிராமத்துக்கு மேலே இருப்பதுதான் சால்ஸ்பரி குன்று. உச்சி தட்டையான குன்று. இரும்புக் காலத்துக் கோட்டையின் மண்மேடுகள் இன்னும் இருக்கின்றன. மேலே நின்றால் பாத் நகரம் கீழே தெரியும். நம் ஊர் மலைகளோடு ஒப்பிட்டால் மேடு என்றுதான் சொல்ல வேண்டும், இருநூறு மீட்டர் கூட இல்லை. ஆனால் ஒரு மனிதன் ஏறிப்போய்த் தன் வாழ்க்கையைத் திரும்பிப் பார்க்க அவ்வளவு உயரம் போதும்.

ஆல்பத்துக்கு வருகிறேன். 1976 கோடையில் டொராண்டோவுக்குப் போனார். தயாரிப்பாளர் பாப் எஸ்ரின். ஆலிஸ் கூப்பர், கிஸ், லூ ரீடு ஆகியோருக்குப் பெரிய பெரிய ஒலிமாளிகைகள் கட்டிக்கொடுத்தவர். அவர் தன் ஆட்களை வரவழைத்தார்: கிட்டாருக்கு ஸ்டீவ் ஹன்டர், டிக் வாக்னர், பாஸுக்கு டோனி லெவின். கேப்ரியல் தன் பங்குக்குக் 'கிங் கிரிம்சன்' குழுவின் கிட்டார் கலைஞர் ராபர்ட் ஃப்ரிப்பையும் சின்தசைசருக்கு லாரி ஃபாஸ்டையும் அழைத்துக்கொண்டார். ஒரு கல்யாண வீட்டில் இரண்டு சமையல்காரர்களுக்குச் சொல்லியனுப்பியது போல ஆகிவிட்டது. ஒவ்வொரு பதார்த்தமும் தனியாகச் சுவைத்தால் நன்றாக இருக்கிறது. ஒரே இலையில் சேரவில்லை. 'எக்ஸ்கியூஸ் மீ' என்ற பாடலின் அந்த நாலு குரல் முகப்புக்குத் தலைமை தாங்கியவரே டோனி லெவின்தான். அதே பாட்டில் டியூபா வாசித்திருப்பவரும் அவர்தான். 'டவுன் த டோல்சே விட்டா'வில் லண்டன் சிம்பொனி ஆர்க்கெஸ்ட்ராவே வாசிக்கிறது. இதையெல்லாம் முதல்முறை கேட்டபோது எனக்கும் உங்கள் குழப்பம்தான். உங்கள் காதில் பழுது இல்லை.

நான் புரிந்துகொண்டது இது. எட்டு வருடம் ஒவ்வொரு ஸ்வரத்துக்கும் நாலு பேரிடம் வாதாடிப் பழகியவர், திடீரென்று தடுக்க யாருமே இல்லாத அறைக்குள் வந்து நிற்கிறார். எல்லாக் கதவுகளையும் திறந்து பார்க்கிறார். இதுதான் நான் என்று சொல்ல இன்னும் அவருக்குத் தெரியவில்லை. அந்தத் தெரியாமையை மறைக்காமல் பதிவு செய்த ஆல்பம் இது. அதனால் எனக்கு இதன்மேல் தனிப்பிரியம்.

கடைசிப் பாடலான 'ஹியர் கம்ஸ் த ஃப்ளட்'டை எடுத்துக்கொள்ளுங்கள். சிற்றலை வானொலியின்மேல் அவருக்குப் பெரிய மோகம் இருந்தது. பொழுது சாயச் சாய தூரத்து நிலையங்களின் ஒலி வலுப்பெறுவதைக் கண்டு வியந்துபோய், மனிதர்களின் மனங்களுக்கு நடுவே இருக்கிற தடுப்பும் அப்படி ஒரு நாள் கரைந்துவிட்டால் என்ன ஆகும் என்று யோசித்ததில் பிறந்த பாட்டு. தம்பி, உங்கள் வயதுக்காரர்களுக்கு இது கதை. எங்களுக்கு அனுபவம். பகலில் வெறும் இரைச்சலாக இருக்கும் இடத்தில் முள்ளை நிறுத்தி வைத்துவிட்டுக் காத்திருப்பேன். விளக்கு வைக்கிற நேரத்தில் இரைச்சலுக்குள்ளிருந்து முதலில் ஒரு மூச்சு போல வரும். பிறகு சொற்கள் தனித்தனியாக மிதக்கும். எட்டு மணிக்கு எங்கோ ஒரு தேசத்துச் செய்தியாளர் எங்கள் கூடத்தில் உட்கார்ந்து பேசுவார். வெயில் இருக்கும்வரை வானத்தின் ஒரு அடுக்கு அந்த அலைகளை விழுங்கிவிடும், இருட்டியதும் அந்த அடுக்கு கலைந்துவிடும் என்று பிறகு படித்துத் தெரிந்துகொண்டேன். அறிந்த பிறகும் வியப்பு குறையவில்லை.

அப்படிப்பட்ட பாட்டுக்கு 1977 ஆல்பத்தில் டிரம்ஸும் கிட்டாரும் பொங்கிப் பொங்கி வருகின்றன. வெள்ளம் வருகிறது என்று சொல்ல வேண்டிய குரல் அந்த வெள்ளத்திலேயே மூழ்கிவிடுகிறது. கேப்ரியலுக்கே அதில் திருப்தி இல்லை. இரண்டு வருடம் கழித்து ஃப்ரிப்பின் 'எக்ஸ்போஷர்' ஆல்பத்தில் அதையே மறுபடி பாடினார். பியானோ, குரல், பின்னால் ஃப்ரிப்பின் கிட்டாரிலிருந்து புகை போல ஒரு ஒலி. அதே 1979 கடைசியில், கேட் புஷ் நடத்திய பிபிசி கிறிஸ்துமஸ் நிகழ்ச்சியில் பியானோ முன் உட்கார்ந்து தனியாகப் பாடினார். 1990இல் தொகுப்பு வெளியிட்டபோதும் பெரிய ஒலிகளை விட்டுவிட்டுப் பியானோவோடு புதிதாகப் பாடியதைத்தான் சேர்த்தார். மூன்றையும் ஒரே இரவில் வரிசையாகக் கேளுங்கள். ஒரு பாட்டு தன்மேல் போர்த்திய சால்வைகளை ஒவ்வொன்றாகக் கழற்றி வைப்பதைக் கேட்கலாம்.

அங்கிருந்து நேரே 1980இன் மூன்றாவது ஆல்பத்துக்குப் போங்கள். தயாரிப்பாளர் ஸ்டீவ் லில்லிவைட், ஒலிப்பதிவுப் பொறியாளர் ஹியூ பட்கம். அதில் கேப்ரியல் ஒரு கட்டளை போட்டார்: ஆல்பம் முழுவதும் சிம்பல் கூடாது, தட்டுகளின் அந்த 'ஷ்ஷ்' ஒலியே எங்கும் வரக் கூடாது. அந்த வெற்றிடத்தில் டிரம்ஸ் எழுப்பிய ஒலி, பாறை விழுந்து சட்டென்று நின்றது போல. முதல் பாடலில் அதை வாசித்தவர் யார் என்று நினைக்கிறீர்கள்? ஃபில் காலின்ஸ். கேப்ரியல் விட்டுப்போன மைக்கை எடுத்துக்கொண்ட அதே காலின்ஸ், அழைத்ததும் வந்து டிரம்ஸ் முன் உட்கார்ந்தார். சேர்ப்பதை நிறுத்தி எடுக்கத் தொடங்கிய இடத்தில்தான் இந்த மனிதர் தன் குரலைக் கண்டுபிடித்தார் என்பது நாற்பது வருடமாகக் கேட்டு வந்த என் முடிவு. அந்த ஆல்பத்தை அமெரிக்காவில் வெளியிட அவருடைய பழைய கம்பெனியான அட்லாண்டிக் மறுத்துவிட்டது, மெர்க்குரி வெளியிட்டது. இங்கிலாந்தில் முதலிடத்துக்குப் போனது. கடைசிப் பாட்டு, தென்னாப்பிரிக்கப் போலீஸ் காவலில் 1977 செப்டம்பரில் உயிரிழந்த, நிறவெறிக்கு எதிராகப் போராடிய ஸ்டீவ் பிகோவைப் பற்றியது. அதைக் கேட்டுவிட்டு உடனே வேறு பாட்டுப் போடாதீர்கள். சற்று நேரம் சும்மா இருங்கள்.

ஆறாவது கம்பி எழுதியது:

ஐயா, உங்கள் பதிவைப் படித்து நெகிழ்ந்தேன். ஆனாலும் எஸ்ரினுக்கு நீங்கள் நியாயம் செய்யவில்லை. அதைச் சொல்லியே ஆக வேண்டும்.

'சால்ஸ்பரி ஹில்' பாட்டின் உயிர் அந்த அகூஸ்டிக் கிட்டார். அதை வாசித்தவர் ஸ்டீவ் ஹன்டர், எஸ்ரின் அழைத்து வந்தவர். கட்டைவிரல் கீழ்க்கம்பிகளில் நடந்துகொண்டே இருக்க, மற்ற விரல்கள் மேலே தனியாகப் பேசுகின்றன. நான் அதைப் பழக ஆறு மாதம் ஆனது. முதல் இரண்டு மாதம் ஏழாவது எண்ணில் ஒவ்வொரு முறையும் இடறினேன். வலது கை கற்றுக்கொண்ட பிறகு மனம் எண்ணுவதை நிறுத்திவிட்டது. அன்றைக்குத்தான் பாட்டு எனக்குள் வந்தது. இரைச்சல் ராக் பாட்டுகளுக்குப் பேர்போன ஒருவரை அழைத்து வந்து இப்படி ஒரு மெல்லிய வேலையை வாங்கத் தெரிந்தவருக்கு, ஒலிமாளிகை கட்டுகிறவர் என்ற பெயர் மட்டும் போதாது.

டோனி லெவினையும் மறக்காதீர்கள். டொராண்டோவில் எஸ்ரின் கொண்டுவந்து நிறுத்தியவர்தான், இன்று வரை கேப்ரியலோடு மேடையில் நிற்கிறார். 2023 சுற்றுப்பயணத்திலும் அவரே. அதே ஒலிப்பதிவில்தான் லெவினும் ஃப்ரிப்பும் சந்தித்தார்கள், 1981இல் ஃப்ரிப் 'கிங் கிரிம்சன்' குழுவை மறுபடி தொடங்கியபோது பாஸ் லெவினிடம் போனது. ஒரு ஆல்பத்தின் மதிப்பை அதன் பாடல்களை மட்டும் வைத்துச் சொல்லிவிட முடியாது. அந்த அறையில் யார் யாரைக் கண்டுகொண்டார்கள் என்பதும் சேர்ந்ததுதான்.

கல்லணை நண்பருக்கு ஒன்று: 'ஹம்ட்ரம்' பாட்டை இரண்டாம் முறை கேளுங்கள். மெதுவாகத் தொடங்கி நடுவில் நடனம் போல ஆகி, கடைசியில் வானம் திறப்பது போல விரிகிறது. நீங்கள் ஜெனிசிஸில் நேசித்தது எல்லாம் மூன்றரை நிமிடத்துக்குள் அங்கே இருக்கிறது. அதோடு, அவர் போன பிறகு ஜெனிசிஸ் முடிந்துவிட்டது என்று எண்ணிவிட வேண்டாம். எத்தனையோ பாடகர்களை வரவழைத்துப் பார்த்துவிட்டுக் கடைசியில் காலின்ஸே பாடிய 'எ ட்ரிக் ஆஃப் த டெயில்' 1976இல் இங்கிலாந்தில் மூன்றாம் இடம் வரை போனது. அருமையான ஆல்பம்.

பழைய ரெக்கார்டு எழுதியது:

ஆறாவது கம்பி சொல்வது சரி. ஹன்டரின் விரல்களை நான் பாட்டின் கணக்கில் வைத்தேனே தவிர, அவரை அழைத்தவர் கணக்கில் வைக்கவில்லை. எஸ்ரினுக்கு அதை எழுதிவிடுகிறேன். 'ஃப்ளட்' விஷயத்தில் மட்டும் என் கருத்து மாறாது.

பகை இருந்ததா என்று யாராவது கேட்பதற்கு முன் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். 1982 ஜூலையில், உலகத்து இசைகளை எல்லாம் ஒரே இடத்தில் கொண்டுவர வேண்டும் என்ற ஆசையில், ஷெப்டன் மாலட்டில் முதல் 'வோமாட்' விழாவை நடத்தினார்கள். கேப்ரியல் முன்னின்று செய்தது. பெருத்த நஷ்டம். கடன் கழுத்தை நெரித்தது. பழைய குழு அவருக்காக ஒன்று சேர்ந்தது. அக்டோபர் 2ஆம் தேதி மில்டன் கீன்ஸ் திறந்தவெளியில், கொட்டுகிற மழையில், அவரோடு ஒரே ஒரு கச்சேரி. கடன் தீர்ந்தது. ஏழு வருடத்துக்கு முன் தங்களை விட்டுப்போனவனுக்காக நனைந்துகொண்டு வாசித்தார்கள். அவர்களை நான் மதிப்பதற்கு வேறு காரணமே வேண்டாம்.

வடமராட்சி எழுதியது:

வணக்கம் அனைவருக்கும். எங்கள் பக்கத்துச் செய்தி ஒன்றை இந்தத் திரியில் சேர்க்க ஆசை.

வயலின் கலைஞர் எல். சங்கரை உங்களுக்குத் தெரிந்திருக்கும். சென்னையில் பிறந்தவர், ஆனால் பிள்ளைப்பருவம் யாழ்ப்பாணத்தில். தந்தையார் வி. லட்சுமிநாராயணா இங்கே இசைக் கல்லூரியில் ஆசிரியர். 1958 கலவரத்துக்குப் பின் அந்தக் குடும்பம் சென்னைக்குத் திரும்பியது. என் தாத்தா அவர்கள் வீட்டைத் தாண்டிப் போகும்போது சைக்கிளை விட்டு இறங்கி உருட்டிக்கொண்டு நடப்பாராம். உள்ளே சாதகம் நடந்துகொண்டிருக்கும், மணியடித்துவிடக் கூடாது என்ற பயம். இதை அம்மா பலமுறை சொல்லிக் கேட்டிருக்கிறேன்.

அந்த வீட்டுப் பிள்ளைதான் பிற்காலத்தில் இரட்டைக் கழுத்து வயலினோடு கேப்ரியலின் 'பேஷன்' ஆல்பத்தில் வாசித்தவர். 1989இல் வந்தது, மார்ட்டின் ஸ்கார்செஸியின் கிறிஸ்துவைப் பற்றிய திரைப்படத்துக்காகச் செய்த இசை. கேப்ரியலின் சொற்கள் அதில் இல்லை. பழைய ரெக்கார்டு ஐயா சொன்ன 'எடுத்து வைத்தல்' இங்கே கடைசி எல்லைக்குப் போயிருக்கிறது என்று எனக்குப் படுகிறது: ஒரு பாடகர் தன் பாட்டையே எடுத்து வைத்துவிட்டு மற்றவர்களுக்கு இடம் விடுகிறார். பாகிஸ்தானின் நுஸ்ரத் ஃபதே அலி கானும் செனகலின் யூசு ன்டூரும் அதில் பாடுகிறார்கள். சங்கரின் வயலின் வரும் இடங்களில் நான் ஒலியைக் கூட்டுவதில்லை, குறைத்துவிட்டுக் காதைக் கிட்டே கொண்டுபோவேன். தாழ்ந்த ஸ்தாயியில் அந்த வயலின் செல்லோவைப் போல இறங்கும். எங்கள் ஊர்க் காற்றில் பழகிய கை என்று நினைத்துக்கொள்வேன்.

கல்லணை எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. நாலு நாள் கழித்து எழுதுகிறேன்.

சாபு சொன்னபடி நடந்து பார்த்தேன். கொள்ளிடக் கரையில், காலை ஐந்தரை மணிக்கு, ஆள் நடமாட்டம் இல்லாத நேரம். முதல் மூன்று சுற்றும் தவறியது. நாலாவது சுற்றில் வலது கால் தானாகத் தொடங்கியது. அதற்குப் பிறகு எண்ணவில்லை. பாட்டு முடிந்த இடத்திலிருந்து வீட்டுக்குத் திரும்ப அரை மணி நேரம் ஆனது, அவ்வளவு தூரம் போயிருக்கிறேன்.

'ஹம்ட்ரம்' பற்றி ஆறாவது கம்பி சொன்னது உண்மை. அந்தக் கடைசிப் பகுதியை நான் முன்பு பஸ் இரைச்சலில் தொலைத்திருந்தேன்.

நேற்று இரவு 'ஃப்ளட்' மூன்றையும் வரிசையாகக் கேட்டேன். 1990 பதிவு ஓடும்போது அப்பா எழுந்து வந்து கதவருகே நின்றார். ஆங்கிலப் பாட்டுக் கேட்கிற வழக்கம் அவருக்கு இல்லை. முடிகிறவரை நின்றார். "யார் இது, தனியாக உட்கார்ந்து பாடுகிறான்?" என்று கேட்டார். சொன்னேன். சிற்றலை வானொலிக் கதையையும் சொன்னேன். ஒன்றும் பேசாமல் உள்ளே போய், பரண்மேல் துணி சுற்றி வைத்திருந்த தாத்தாவின் மர்பி ரேடியோவை இறக்கிக் கொண்டுவந்தார். முள் நகர்கிறது, விளக்கு எரியவில்லை. நாளைக்குத் திருச்சியில் சரிபார்க்கக் கொடுக்கப் போகிறேன். பழைய ரெக்கார்டு ஐயா, இருட்டிய பிறகு எந்த மீட்டரில் தேட வேண்டும் என்று சொல்ல முடியுமா?

பழைய ரெக்கார்டு எழுதியது:

41லும் 49லும் தேடுங்கள், தம்பி. ஏழரைக்கு மேல். ஏரியல் கம்பியை ஜன்னலுக்கு வெளியே நீட்டிவிட்டு, முள்ளை மெதுவாக நகர்த்துங்கள். முன்பு போல் அவ்வளவு நிலையங்கள் இப்போது இல்லை. அப்பாவையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்ளுங்கள்.